‘இதை என் குழந்தையே வரையுமே!’: அமெரிக்க நவீன ஓவியத்தின் மீது மக்களுக்கு ஏன் இவ்வளவு கோபம்?

கேள்வி இது: ஜாக்சன் பொல்லாக், மார்க் ராத்கோ, பார்னெட் நியூமன் போன்ற அமெரிக்க நவீன ஓவியர்களின் ஓவியங்கள் கோடிக்கணக்கில் விலைபோகின்றன. ஆனால் அமெரிக்கர்கள் உட்பட சாதாரண மக்கள் பலர் அவற்றைப் பார்த்ததும் சிரிக்கிறார்கள், அல்லது எரிச்சலடைகிறார்கள். ஏன்? குழந்தைகூட இதை வரையும் என்பதில் உண்மை உண்டா? பிடிக்கவில்லை என்றால் குறை நம்மிடம்தானா?

முதலில் சுருக்கமான பதில். ஓவியத்தின் முன் நிற்பவர் வெறும் நிறத்தையும் கோட்டையும் பார்ப்பதில்லை. அதற்குப் பின்னால் யோசித்துச் செய்த ஒரு மனம் இருக்கிறதா என்று தேடுகிறார். அது அகப்படாதபோது குழப்பம் வருகிறது. அகப்படாத அந்த ஒன்றுக்கு நம் வரிப்பணம் போயிருக்கிறது, பெரிய மனிதர்கள் அதைப் புகழ்கிறார்கள் என்று தெரியவரும்போது குழப்பம் கோபமாகிறது. ஆனால் ஆய்வுகளை உட்கார்ந்து படித்தால் ஆறுதலான ஒரு விஷயமும் தெரியும். ‘எனக்கு ஓவியமெல்லாம் புரியாது’ என்று சொல்பவர்களும், தாங்கள் நம்புவதைவிட நன்றாகவே பார்க்கிறார்கள்.

கோபத்தின் வரலாற்றிலிருந்து தொடங்குகிறேன், ஏனென்றால் கோபம் எதன் மேல் என்பது அங்கேதான் தெளிவாகத் தெரிகிறது.

1913 பிப்ரவரியில் நியூயார்க்கில் ஒரு ராணுவப் படைப்பிரிவின் ஆயுதசாலைக் கட்டடத்தில் சுமார் 1,300 படைப்புகளோடு ஒரு கண்காட்சி நடந்தது. ஐரோப்பாவின் புதிய ஓவியங்களை அமெரிக்க மக்கள் பெருந்திரளாகப் பார்த்தது அப்போதுதான். மார்செல் துஷாம்ப் வரைந்த, படியிறங்கும் நிர்வாண உருவம் என்ற ஓவியத்தில் அந்த உருவம் எங்கே இருக்கிறது என்று கண்டுபிடித்துச் சொன்னால் 10 டாலர் பரிசு என்று ஒரு கலைப் பத்திரிகை போட்டி வைத்தது. கண்காட்சி சிகாகோ போனபோது ஓவியம் படிக்கும் மாணவர்களே பிரெஞ்சு ஓவியர் மத்தீஸின் ஓவியங்களைப் படியெடுத்து எரித்தார்கள். முன்னாள் அதிபர் தியோடர் ரூஸ்வெல்ட் கண்காட்சியைப் பார்த்துவிட்டுக் கட்டுரை எழுதினார். தன் குளியலறையில் கிடக்கும் நவஹோ பழங்குடியினரின் விரிப்பு அந்தப் படியிறங்கும் ஓவியத்தைவிட மேல் என்பது அவர் கருத்து. அந்தப் பரிசுப் போட்டியைக் கவனியுங்கள். ‘எங்கே அந்த உருவம்?’ என்பதுதான் பார்வையாளரின் முதல் கேள்வி. இன்றைக்கும் அதுதான் முதல் கேள்வி.

இரண்டாவது பெரிய சண்டை பணத்தைப் பற்றியது. 1946இல் அமெரிக்க வெளியுறவுத் துறை வெளிநாடுகளில் காட்டுவதற்காக 79 எண்ணெய் வண்ண ஓவியங்களைச் சுமார் 49,000 டாலருக்கு வாங்கியது. கடனாகப் பெற்றால் திரும்பத் திரும்ப அனுமதி கேட்க வேண்டியிருக்கும், சொந்தமாக வாங்கினால் சிக்கனம் என்பதுதான் கணக்கு. வெளியே பாரிஸிலும் பிராகிலும் நல்ல வரவேற்பு. உள்ளூரில் 1947 பிப்ரவரியில் ‘லுக்’ பத்திரிகை, இவை உங்கள் பணத்தில் வாங்கிய படங்கள் என்ற தலைப்போடு அவற்றை அச்சிட்டது. அவ்வளவுதான், நாடாளுமன்றம் வரை போனது. அதிபர் ட்ரூமன் தன் கடிதத்தில் நவீன ஓவியத்தை அரைவேக்காட்டுச் சோம்பேறிகளின் வேலை என்ற பொருளில் எழுதினார். யசுவோ குனியோஷி வரைந்த, ஓய்வெடுக்கும் சர்க்கஸ் பெண்ணின் படம் கேலிக்கு முக்கிய இலக்காயிற்று. அது அடையாளம் காணும் உருவம் எதுவும் இல்லாத அரூப ஓவியம்கூட இல்லை. கைகால் முகத்தோடு தெளிவாக ஒரு பெண் உட்கார்ந்திருக்கிறாள். கண்காட்சியைத் திரும்ப அழைத்தார்கள். 1948இல் போரில் மிஞ்சிய தளவாடங்களை ஏலம் விடும் துறை வழியாக மொத்தத் தொகுப்பும் 5,544 டாலருக்கு விற்கப்பட்டது. அலபாமாவில் இன்று ஆபர்ன் பல்கலைக்கழகமாக இருக்கும் கல்லூரி 36 ஓவியங்களை ஏறக்குறைய 1,070 டாலருக்கு வாங்கி, இன்றும் பத்திரமாக வைத்திருக்கிறது.

அதே காலத்தில் மிச்சிகன் மாநில உறுப்பினர் ஜார்ஜ் டோண்டெரோ நவீன ஓவியம் என்பது கம்யூனிஸ்ட் சதி என்று 1949இல் நாடாளுமன்றத்தில் பேசினார். மாஸ்கோவிலோ அதே ஓவியங்களை முதலாளித்துவச் சீரழிவு என்று தூற்றிக்கொண்டிருந்தார்கள். இரண்டு பக்கமும் ஒரே படத்தில் எதிரியைக் கண்டன. பொருள் தெளிவாக இல்லாத ஒன்றில் ஏற்கெனவே இருக்கும் பயம் போய் உட்கார்ந்துகொள்கிறது என்பதற்கு இதைவிட நல்ல சான்று எனக்குத் தெரியவில்லை.

பிற்பாடு வந்த சண்டைகளும் இதே வடிவம்தான். 1973இல் ஆஸ்திரேலிய அரசு பொல்லாக்கின் ‘நீலக் கம்பங்கள்’ ஓவியத்தை 13 லட்சம் ஆஸ்திரேலிய டாலருக்கு வாங்கியபோது, குடிகாரர்கள் வரைந்தது என்று செய்தித்தாள்கள் முதல் பக்கத்தில் போட்டன. அப்போதைய பிரதமர் விட்லமின் அரசைத் தாக்க அது நல்ல ஆயுதமாயிற்று. 1990இல் கனடாவின் தேசிய ஓவியக்கூடம் நியூமனின் 5.4 மீட்டர் உயர ஓவியம் ஒன்றை 17.6 லட்சம் கனடிய டாலருக்கு வாங்கிய செய்தி வெளிவந்தது. இரு பக்கமும் நீலம், நடுவே சிவப்பு, மொத்தம் மூன்று பட்டைகள். ஒட்டாவாவுக்குப் பக்கத்தில் ஒருவர் பலகையில் அதே மாதிரி அடித்துக் காட்சிக்கு வைத்தார். ஆக, மக்களின் ஆட்சேபம் ஒன்றல்ல, மூன்று. இதில் திறமை இருக்கிறதா? இதற்குப் பொருள் இருக்கிறதா? யார் பணம்? மூன்றாவது அரசியல் கேள்வி, அதற்கு உளவியல் பதில் சொல்லாது. முதல் இரண்டையும் சோதித்துப் பார்க்கலாம், பார்த்தும் இருக்கிறார்கள்.

குழந்தையின் படமும் ஓவியரின் படமும்

பாஸ்டன் கல்லூரியைச் சேர்ந்த ஏஞ்சலினா ஹாலி-டோலன், எலன் வின்னர் இருவரும் 2011இல் வெளியிட்ட ஆய்வை இந்த விஷயத்தில் எல்லாரும் அறிந்திருக்க வேண்டும். அவர்கள் 30 ஜோடிப் படங்களைத் தயாரித்தார்கள். ஒவ்வொரு ஜோடியிலும் ஒன்று பெயர்பெற்ற அரூப ஓவியருடையது. மற்றது ஒரு சிறு குழந்தையோ, குரங்கோ, யானையோ வரைந்தது. கோட்டின் தன்மை, நிறம், தூரிகை வீச்சு ஆகியவை முடிந்தவரை ஒத்துப்போகும்படி ஜோடி சேர்த்தார்கள். கையெழுத்தைக் கணினியில் அழித்தார்கள். 32 ஓவிய மாணவர்கள், 40 உளவியல் மாணவர்கள். ஒவ்வொரு ஜோடிக்கும் இரண்டு கேள்வி: எது உனக்குப் பிடித்திருக்கிறது? எது கலைப்படைப்பாக மேலானது? முதல் 10 ஜோடிகளில் யார் வரைந்தது என்ற குறிப்பு இல்லை. அடுத்தவற்றில் சிலவற்றுக்குச் சரியான குறிப்பு; சிலவற்றுக்கு வேண்டுமென்றே மாற்றிப் போட்ட குறிப்பு, அதாவது ஓவியர் வரைந்ததன் கீழே ‘குழந்தை’ என்றும் குழந்தை வரைந்ததன் கீழே ‘ஓவியர்’ என்றும்.

கண்ணை மூடிக்கொண்டு சொன்னால் 50 சதவீதம் வரும். இவர்கள் ஏறக்குறைய 60 முதல் 70 சதவீதம் வரை ஓவியருடையதையே மேலானது என்றார்கள். குறிப்பை மாற்றிப் போட்டபோதும் அந்தச் சாய்வு மறையவில்லை. ‘பிடித்திருக்கிறது’ என்பதில் ஓவிய மாணவர்கள் ஓவியர் பக்கம் கூடுதலாகச் சாய்ந்தார்கள். ‘எது மேலானது’ என்ற தீர்ப்பில் இரண்டு குழுவுக்கும் வித்தியாசமே இல்லை. காரணம் கேட்டபோது, ஓவியருடையதைத் தேர்ந்தவர்கள் ‘திட்டமிட்டுச் செய்த மாதிரி இருக்கிறது’, ‘யோசனை தெரிகிறது’ என்ற வகையில் மனத்தைக் குறிக்கும் பதில்களை அதிகம் சொன்னார்கள். நான் தொடக்கத்தில் சொன்ன ‘மனத்தைத் தேடுதல்’ இதுதான்.

இதிலிருந்து இரண்டு தவறான முடிவுக்குப் போகக் கூடாது. ‘பார், நிரூபணமாகிவிட்டது’ என்று ஓவிய அன்பர்கள் குதிக்கலாம். ஆனால் 65 சதவீதம் என்றால் மூன்றில் ஒரு தடவை தவறு என்று அர்த்தம். குழந்தையின் படம் பல நேரம் உண்மையிலேயே ஏமாற்றுகிறது. ‘ஓவியம் படித்தவர்கள்தான் கண்டுபிடிப்பார்கள்’ என்பதும் தவறு, தீர்ப்பில் இருவரும் சமம்.

இந்தச் சோதனையை வீட்டிலோ கல்லூரியிலோ செய்து பார்க்க விரும்புபவர்களுக்குச் சில விஷயங்கள். 10 ஜோடி வைத்து ஒருவர் 7 சரியாகச் சொன்னால் அதை வைத்து எதுவும் சொல்ல முடியாது; வெறும் அதிர்ஷ்டத்திலேயே 7 அல்லது அதற்கு மேல் கிடைப்பதற்கு 17 சதவீத வாய்ப்பு இருக்கிறது. 30 ஜோடியில் 20 அல்லது அதற்கு மேல் என்றால் அந்த வாய்ப்பு 5 சதவீதத்துக்கு இறங்கும். ஆகவே 30க்குக் குறையாமல் வையுங்கள். இடது வலது இடத்தை மாற்றி மாற்றி வையுங்கள், மனிதர்களுக்கு ஒரு பக்கச் சாய்வு உண்டு. ஒருவருக்குப் படம் முன்பே தெரியுமா என்று கேட்டு, தெரிந்தால் அந்த ஜோடியை அவருடைய கணக்கிலிருந்து எடுத்துவிடுங்கள். கேன்வாஸின் நெசவு ஒன்றிலும் தாளின் கசங்கல் மற்றதிலும் தெரிந்தால் ஆள் அதைப் பார்த்தே சொல்லிவிடுவார். இரண்டையும் நெசவு தெரியாத அளவுக்குச் சிறிதாக்க வேண்டும்.

எல்லாவற்றையும்விட அதிகம் கெடுப்பது தேர்வு. நூறு குழந்தைப் படங்களைப் புரட்டி, ‘அட, இது பொல்லாக் மாதிரியே இருக்கிறதே’ என்று நீங்கள் ஒன்றை எடுத்தால், அந்தப் படத்தில் உங்கள் கண் நுழைந்துவிட்டது. ‘போதும்மா, இத்தோடு விடு’ என்று சரியான நேரத்தில் தாளை உருவியவரும் பாதி ஓவியர்தான். எங்கே நிறுத்துவது என்பதுதான் அரூப ஓவியத்தில் கடினமான முடிவு. குழந்தை பெரும்பாலும் நிறம் கலங்கிச் சேறாகும் வரை போகும், அல்லது கவனம் சிதறி எழுந்துவிடும். படங்களைக் குலுக்கல் முறையில் எடுங்கள். இல்லாவிட்டால் நீங்கள் சோதிப்பது உங்கள் ரசனையைத்தான்.

பெயின்டை ஊற்றியும் தெறித்தும் வரைந்த பொல்லாக்கின் கைத்திறனைப் பற்றித் தனியாக ஓர் ஆய்வு இருக்கிறது. தேனைக் கரண்டியிலிருந்து ஊற்றினால் கீழே விழும் இடத்தில் கயிறுபோலச் சுருளும் இல்லையா, கெட்டியான பெயின்டும் அப்படித்தான் சுருளும். 2019இல் ராபர்ட்டோ செனிட் முதலான இயற்பியலாளர்கள், பொல்லாக் வேலை செய்வதை 1950இல் ஹான்ஸ் நமுத் படமெடுத்த காட்சியிலிருந்து அவர் கையின் வேகத்தையும் உயரத்தையும் அளந்தார்கள். பிறகு அதே அளவுகளில் பெயின்டை ஊற்றிப் பார்த்தார்கள். சுருள் விழாத வேகத்திலும் உயரத்திலும்தான் அவர் கை ஓடியிருக்கிறது. குச்சி தரைக்குப் பக்கத்தில், கை வேகமாக, பெயின்ட் அளவான பதத்தில். மெதுவாக, உயரத்திலிருந்து ஊற்றினால் நெளிநெளியான சுருள் விழும். அவருடைய நீண்ட கோடுகளில் அது அரிது. தரையில் விரித்த ஐந்து மீட்டர் கேன்வாஸைச் சுற்றி நடந்தபடியே இந்தக் கட்டுப்பாட்டைக் காப்பது விளையாட்டு வேலை இல்லை. ரிச்சர்ட் டெய்லர் 1999இல் முன்வைத்த, பொல்லாக்கின் தெறிப்புகளில் இயற்கையில் உள்ளதுபோன்ற பின்னவடிவம் (fractal, அதாவது எவ்வளவு பெரிதாக்கிப் பார்த்தாலும் அதே மாதிரியான அமைப்பு திரும்பத் திரும்ப வருவது) இருக்கிறது என்ற வாதம் இதைவிடப் பிரபலம். ஆனால் 2006இல் கேத்தரின் ஜோன்ஸ்-ஸ்மித்தும் ஹர்ஷ் மாத்தூரும் அந்த அளவீட்டு முறை கையால் கிறுக்கிய நட்சத்திரங்களுக்கும் பொருந்துகிறது என்று காட்டினார்கள். அதை அடித்துச் சொல்லும் சான்றாக யாராவது நீட்டினால் ஏற்க வேண்டாம்.

வெறும் சிவப்பு

‘பெயின்டர் உருளையால் அடித்துவிட்டுப் போவாரே’ என்பது நியூமனைப் பற்றிய வழக்கமான பேச்சு. இதற்கு வரலாற்றில் நிஜமான சோதனையே நடந்துவிட்டது, யாரும் விரும்பாமல்.

1986இல் ஆம்ஸ்டர்டாமின் ஸ்டெடெலிக் அருங்காட்சியகத்தில் ஒருவர் நியூமனின் ‘சிவப்பு, மஞ்சள், நீலத்துக்கு யார் பயப்படுகிறார்கள்’ வரிசையின் மூன்றாவது ஓவியத்தைக் கத்தியால் கிழித்தார். ஏறக்குறைய 5.4 மீட்டர் அகலம், கிட்டத்தட்ட முழுவதும் சிவப்பு, ஓரங்களில் மட்டும் மஞ்சளும் நீலமும். கிழித்தவரைப் பாராட்டியும் அருங்காட்சியகத்துக்குக் கடிதங்கள் வந்தன. நியூயார்க்கிலிருந்து ஒரு சீரமைப்பாளரிடம் வேலையை ஒப்படைத்தார்கள். 1991இல் படம் திரும்பி வந்தது. பார்த்தவர்கள் அதிர்ந்தார்கள். சிவப்பு செத்துப்போயிருந்தது. பரிசோதனைக்கூடத்தில் ஆராய்ந்தபோது, கிழிசலை மட்டும் சரிசெய்வதற்குப் பதிலாகச் சிவப்புப் பரப்பின் மேல் உருளையால் ஆல்கிட் பெயின்ட் அடித்து வார்னிஷ் பூசியிருந்தது தெரியவந்தது. நியூமன் மெல்லிய பூச்சுகளாகத் தூரிகையால் ஏற்றிய சிவப்பில் ஒளி உள்ளே போய்த் திரும்பி வரும். அதனால் பரப்பு ஆழமாகத் தெரியும். மேலே ஒரே தடிமனில் மூடிய பெயின்டில் ஒளி மேற்பரப்பிலேயே திரும்பிவிடும். அதே நிறம், அதே அளவு, அதே கேன்வாஸ். உருளை வந்ததும் ஓவியம் போய்விட்டது. அதே மனிதர் 1997இல் மறுபடி வந்து, அந்த ஓவியத்தைத் தேடிவிட்டு, அங்கிருந்த நியூமனின் இன்னொரு நீல ஓவியத்தைக் கிழித்தார். வெறும் நிறம் என்று சொல்லப்படும் ஒன்று ஒரு மனிதரை இந்த அளவுக்கு ஆட்டிவைத்தது.

பொருள் இல்லாத இடத்தில் மனம் என்ன செய்கிறது

சிலருக்கு முடிவு தெரியாமல் இருப்பது தாங்காது. எதற்கும் உடனே தெளிவான விடை வேண்டும். இந்தத் தேவை அதிகமாக உள்ளவர்கள் அரூப ஓவியத்தைக் குறைவாக விரும்புகிறார்கள் என்று ஆய்வுகள் காட்டியிருக்கின்றன. புதிய அனுபவங்களுக்கு மனம் திறந்திருப்பவர்கள் கூடுதலாக விரும்புகிறார்கள். இது ஆளுமையின் வேறுபாடு, அறிவின் வேறுபாடு என்று எடுத்துக்கொள்ளக் கூடாது. 2006இல் மார்க் லாண்டாவ் குழுவினர் இன்னும் ஒரு படி போனார்கள்: மரணத்தைப் பற்றி நினைக்கவைத்த பிறகு, ஒழுங்கை நாடும் இயல்புள்ளவர்களுக்கு நவீன ஓவியம் மேலும் கசந்தது, அந்தப் படைப்புக்குப் பொருள் காண ஒரு வழி கொடுத்ததும் கசப்பு தணிந்தது. அழகான முடிவு. ஆனால் மரண நினைவூட்டல் சோதனைகள் பலவும் திரும்பச் செய்தபோது அதே விடையைத் தரவில்லை, ஆகவே நான் இதைச் சற்றுத் தள்ளியே வைப்பேன்.

தலைப்பைப் பற்றியும் ஆய்வுகள் உண்டு. ஹெல்முட் லேடர் குழுவினர் 2006இல் கண்டது: விளக்கம் தரும் தலைப்பு வைத்தால் அரூப ஓவியம் ‘புரிந்தது’ என்ற உணர்வு கூடுகிறது, ஆனால் பிடித்தம் கூடுவதில்லை. பொல்லாக் 1948 வாக்கில் தன் படங்களுக்குப் பெயர் வைப்பதை விட்டு எண் போடத் தொடங்கியதை இத்தோடு சேர்த்துப் பாருங்கள். பார்வையாளர் பற்றிக்கொள்ளும் கைப்பிடியை அவர் தெரிந்தே எடுத்துவிட்டார். அதனால் வந்த எரிச்சலில் ஒரு பங்கு அவர் கணக்கில்தான் சேரும்.

கைப்பிடி ஏமாற்றவும் செய்யும். கனடாவின் வாட்டர்லூ பல்கலைக்கழகத்தில் மார்ட்டின் டர்பின் குழுவினர் 2019இல் கணினி உருவாக்கிய அரூபப் படங்களுக்கு, ஆழமாக ஒலிக்கும் ஆனால் அர்த்தமே இல்லாத தலைப்புகளை வைத்தார்கள். தலைப்பில்லாத படங்களைவிட அவை ஆழமானவை என்று மக்கள் மதிப்பிட்டார்கள். ‘காட்சிக்கூடத்திலிருந்து வந்தது’ என்று சொன்னால், ‘கணினியில் செய்தது’ என்று சொன்னதைவிட அதே படத்துக்கு மதிப்பு கூடுகிறது என்பதும் நிறுவப்பட்டதுதான். இதன் பெரிய அளவு உதாரணம் நியூயார்க்கின் நோட்லர் காட்சிக்கூடம். 1846இல் தொடங்கிய அந்த நிறுவனம் 2011இல் மூடப்பட்டது. அதற்கு முன் பல வருடங்களில் ராத்கோ, பொல்லாக், மதர்வெல் பெயரில் ஏறக்குறைய 8 கோடி டாலருக்குப் போலிகள் அங்கே விலைபோயிருந்தன. க்வீன்ஸ் பகுதியில் ஒரே ஆள் வரைந்தவை அவை. ஒரு போலிப் பொல்லாக்கின் கையெழுத்தில் எழுத்துப் பிழையே இருந்தது. நிறமிப் பரிசோதனைதான் கடைசியில் பிடித்தது: அந்தத் தேதியில் புழக்கத்தில் இல்லாத நிறமிகள். ‘பெரிய மனிதர்களும் ஏமாறுகிறார்கள்’ என்று மக்கள் சொன்னால் அதை மறுக்க முடியாது. மறுக்க வேண்டிய அவசியமும் இல்லை. கைதேர்ந்த ஓவியர் ஒருவர் செய்த போலிக்கு ஏமாறுவதும், குழந்தையின் கிறுக்கலைப் பிரித்தறிய முடியாததும் வேறு வேறு.

‘பார்க்கப் பார்க்கப் பிடிக்கும்’ என்பது பாதி உண்மை. எதையும் திரும்பத் திரும்பக் காட்டினால் பிடித்தம் கூடும் என்று ராபர்ட் சயான்ஸ் 1968இலேயே காட்டினார். புகழ்பெற்ற ஓவியங்களின் புகழே இப்படி வந்ததுதானோ என்ற ஐயம் நியாயமானது. 2013இல் இங்கிலாந்தின் லீட்ஸில் ஆரோன் மெஸ்கின் குழுவினர் இதற்கு அமெரிக்க உதாரணம் ஒன்றை எடுத்தார்கள்: தாமஸ் கின்கேட். சன்னலில் மஞ்சள் விளக்கு எரியும் குடிசைகளை வரைந்து, வணிக வளாகங்களில் அச்சுப்படிகளாக விற்று, பெரும் மக்கள் செல்வாக்குப் பெற்றவர். மாணவர்களுக்கு அவர் ஓவியங்களையும் பத்தொன்பதாம் நூற்றாண்டு ஆங்கில ஓவியர் மில்லேயின் ஓவியங்களையும் பல தடவை காட்டினார்கள். கின்கேட் அதிகம் காட்டக் காட்டப் பிடித்தம் இறங்கியது, மில்லேக்கு அப்படி ஆகவில்லை. திரும்பப் பார்ப்பது எல்லாவற்றையும் உயர்த்துவதில்லை, சிலவற்றைக் காட்டிக்கொடுக்கிறது.

கருத்துக் கணிப்புகளைப் பற்றி ஒரு வார்த்தை. ரஷ்யாவிலிருந்து குடியேறிய கோமர், மெலமிட் என்ற இரு ஓவியர்கள் 1993இல் ஒரு தொழில்முறை நிறுவனத்தை அமர்த்தி 1,001 அமெரிக்கர்களிடம் ரசனையைக் கேட்டார்கள். பிடித்த நிறம் நீலம் என்றவர்கள் 44 சதவீதம். ஏரி, மலை, மரம், விலங்கு, குடும்பம், வரலாற்று மனிதர் எல்லாம் வேண்டும். கூர்மையான கோணங்கள் வேண்டாம். சொன்னதையெல்லாம் சேர்த்து வரைந்தார்கள்: நீல ஏரிக்கரையில் ஜார்ஜ் வாஷிங்டன், பக்கத்தில் சுற்றுலா வந்த இளைஞர்கள், மான்கள், ஒரு நீர்யானை. அந்தப் படம் யாருக்கும் வேண்டியதாக இல்லை. தனித்தனி விருப்பங்களின் கூட்டல் ஒரு படத்தின் மீதான விருப்பம் ஆகாது. ‘மக்கள் இத்தனை சதவீதம் நவீன ஓவியத்தை வெறுக்கிறார்கள்’ என்ற எண்ணைப் பார்த்தால், எந்தப் படத்தை, எந்த அளவில், எவ்வளவு நேரம் காட்டிக் கேட்டார்கள் என்று முதலில் பாருங்கள்.

ஏனென்றால் அளவும் நேரமும்தான் இந்த ஓவியங்களில் பாதி. நியூயார்க் மெட்ரோபாலிடன் அருங்காட்சியகத்தில் எடுத்த கணக்குப்படி (2001) பார்வையாளர் ஒரு ஓவியத்தின் முன் நிற்கும் சராசரி நேரம் 27 விநாடி. பாதிப் பேர் 17 விநாடிக்குள் நகர்ந்துவிட்டார்கள். கதை சொல்லும் படத்துக்கு அது போதலாம், ராத்கோவுக்குப் போதாது. 2.4 மீட்டர் அகல ஓவியத்தை 4 மீட்டர் தள்ளி நின்று பார்த்தால் அது உங்கள் பார்வையில் சுமார் 33 பாகை (டிகிரி) பிடிக்கும். 1 மீட்டரில் 100 பாகை. தன் ஓவியங்களைப் பார்க்க ராத்கோ சொன்னதாகக் கூறப்படும் 45 சென்டிமீட்டர் தூரத்தில் ஏறக்குறைய 140 பாகை, அதாவது பார்வையின் ஓரம் வரை நிறம்தான். கைபேசியில் 13 பாகை. நியூமனின் ஐந்தரை மீட்டர் ஓவியத்தைக் கைபேசியில் படுக்கைவாட்டில் பார்த்தால், அதிலுள்ள ஓர் அங்குல அகலக் கோடு ஒரு மில்லிமீட்டருக்கும் குறைவாகச் சுருங்கிவிடும். நாம் கேலி செய்வது பெரும்பாலும் அந்த ஒரு மில்லிமீட்டரை. நியூமன் 1951 கண்காட்சியில், பெரிய படங்களைத் தள்ளி நின்று பார்ப்பது வழக்கம், இவை கிட்ட நின்று பார்ப்பதற்கானவை என்று சுவரில் எழுதியே ஒட்டியிருந்தார்.

ஆகவே நேரில் பார்க்கும் வாய்ப்புக் கிடைத்தால்: லண்டன் டேட் அருங்காட்சியகத்தின் தொகுப்பில் ராத்கோவின் ஓவியங்கள் இருக்கின்றன, நியூயார்க்கில் மோமா என்ற நவீனக் கலை அருங்காட்சியகம் இருக்கிறது. தரையில் போட்டிருக்கும் தடுப்புக் கோட்டை ஒட்டி நில்லுங்கள். ராத்கோவின் ஓவியத்தில் ஓரம் மங்கிய பெரிய நிறச் செவ்வகம் ஒன்றின் நடுவில் பார்வையை நிறுத்தி அசையாமல் 30 விநாடி பாருங்கள். ஓரம் தெளிவற்று மங்கலாக இருக்கும் உருவங்கள், நிலைத்த பார்வையில் கரைந்து மறைவதும் கண் சற்று அசைந்ததும் திரும்பி வருவதும் கண்ணின் இயல்பு. ராத்கோவின் செவ்வகங்கள் மூச்சு விடுவதுபோல் தோன்றுவதற்கு இது ஒரு முக்கியமான காரணம். 17 விநாடியில் கண் இன்னும் உருவம் தேடி அலைந்துகொண்டிருக்கும், இது நடக்காது. சுவர்க் குறிப்பைக் கடைசியில் படியுங்கள், முதலில் படித்தால் கண் அதையே உறுதிசெய்யப் போகும். நிறத்தைப் பற்றி எச்சரிக்கை: ஹார்வர்டுக்காக ராத்கோ வரைந்து 1964இல் மாட்டிய சுவரோவியங்களில் லித்தால் சிவப்பு என்ற நிறமி இருந்தது. சன்னல் வெயிலில் அது வெளுத்து ஓவியம் நீலமாயிற்று, 1979இல் கழற்றிவிட்டார்கள். 2014இல் இழந்த நிறத்தை ஒளியாகப் படத்தின் மேல் வீசிச் சரிசெய்தார்கள். நீங்கள் பார்ப்பது ஓவியர் விட்டுப்போன நிறம்தானா என்பதையும் கேட்டுக்கொள்ள வேண்டும்.

கடைசிக் கேள்விக்கு வருகிறேன், பிடிக்கவில்லை என்றால் குறை யாரிடம்? கிட்ட நின்று ஐந்து நிமிடம் பார்த்தும் பிடிக்கவில்லை என்றால் அது முறையான தீர்ப்பு, வெட்கப்பட ஒன்றுமில்லை. ‘பிடிக்கவில்லை’ என்பதிலிருந்து ‘ஏமாற்று’ என்று தாண்டும்போதுதான் ஆதாரம் வேண்டும். மேலே சொன்ன ஆதாரங்கள் அந்தத் தாண்டலுக்கு எதிராகவே நிற்கின்றன. நியூமனில் தொடங்குவது கடினமான வழி. எட்வர்ட் ஹாப்பரின் ‘இரவுப் பறவைகள்’ (1942) ஓவியத்தில் தொடங்குங்கள்: மனிதர்கள் இருக்கிறார்கள், ஆனால் படத்தைத் தாங்குவது அந்தப் பச்சை வெளிச்சமும் காலி நடைபாதையும்தான். அடுத்து ஜார்ஜியா ஓகீஃபின் பெரிதாக்கிய பூக்கள். அதன்பின் ஹெலன் ஃபிராங்கன்தாலரின் ‘மலைகளும் கடலும்’ (1952), மூன்று மீட்டர் அகலத்தில், பூச்சு போடாத கேன்வாஸில் நீர்த்த எண்ணெய் வண்ணம் ஊறிப் பரவியது. நிலக்காட்சி இன்னும் முழுதாகக் கரையவில்லை. பிறகு ஜோன் மிட்செல். அங்கிருந்து பொல்லாக்கும், எல்லாவற்றுக்கும் பின்னால் நியூமனும்.